மங்காவில் ‘ங்க’ இல்லை: காமிக்ஸ் வழியே ஜப்பானியம் கற்பது பற்றி

கோவையில் நான் நடத்தும் மாலை நேர ஜப்பானிய மொழி வகுப்பில் சேர வருகிறவர்களிடம், ஏன் இந்த மொழியைத் தேர்ந்தெடுத்தீர்கள் என்று கேட்பது என் வழக்கம். சிலர் வேலை என்பார்கள். கணபதியிலோ குறிச்சியிலோ உள்ள பட்டறைச் சுவர்களில் ‘செய்ரி, செய்தோன்’ என்று தொடங்கும், பணியிட ஒழுங்கைச் சொல்லும் ஐந்து ஜப்பானியச் சொற்கள் எழுதி மாட்டப்பட்டிருப்பதைப் பார்த்து வளர்ந்தவர்கள் அவர்கள். மற்றவர்கள் சற்றுத் தயங்கிவிட்டு, ‘மங்கா படிப்பேன்’ என்பார்கள். மங்கா என்பது ஜப்பானியப் படக்கதை. அந்தத் தயக்கத்திற்குக் காரணம் இருக்கிறது. மங்கா படித்துக்கொண்டே இருந்தால் போதும், மொழி தானாக வந்துவிடும் என்று ஒரு பேச்சு உலவுகிறது. மங்கா படித்தால் ஜப்பானியம் கெட்டுவிடும், அது தெருச் சண்டைக்காரர்களின் மொழி என்று இன்னொரு பேச்சும் உலவுகிறது. இளைஞர்கள் முதலாவதை நண்பர்களிடமும் இரண்டாவதைப் பெரியவர்களிடமும் கேட்டுவிட்டு வருகிறார்கள்.

இரண்டுமே பாதி உண்மைகள். படக்கதை மொழியைக் கற்பிக்கும் விதம் ஒன்று திட்டமாக இருக்கிறது. அது சொல்லித் தராமல் விட்டுவிடும் பகுதி ஒன்றும் திட்டமாக இருக்கிறது. அந்த விடுபட்ட பகுதியை நம் கொங்குப் பேச்சு ‘ங்க’ என்ற இரண்டே எழுத்தில் வைத்திருக்கிறது. அதனால்தான் இதை நம் ஊர்க்காரர்களுக்காகத் தனியே எழுத வேண்டும் என்று தோன்றியது. ஜப்பானியச் சொற்களைக் காதுக்குக் கிட்டத்தட்டப் பொருந்தும்படி தமிழ் எழுத்தில் தந்திருக்கிறேன்.

பனியன் கம்பெனியில் தமிழ் கற்றவர்

திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனிக்குப் பீகாரிலிருந்தோ ஒடிசாவிலிருந்தோ வேலைக்கு வரும் இளைஞர் ஒருவரை எண்ணிப் பாருங்கள். அவருக்கு உயிரெழுத்து, மெய்யெழுத்து சொல்லிக்கொடுக்க அங்கே யாரும் இல்லை. முதல் நாள் ஒருவர் துணிக்கட்டைக் காட்டி ‘இந்தப் பண்டலை எடு’ என்கிறார். செக்கிங் மேசைப் பக்கம் கையை நீட்டி ‘அங்க வை’ என்கிறார். பத்து நாளில் ‘எடு’, ‘வை’ இரண்டும் அவருக்குச் சொந்தமாகிவிடுகின்றன. யாரும் மொழிபெயர்த்துச் சொல்லவில்லை. கண்ட செயலும் கேட்ட சொல்லும் ஒரே நேரத்தில் வந்ததால் பொருள் ஒட்டிக்கொண்டது. ஒரு மாதம் போனால் ‘எடுத்து வை’, ‘எடுத்துட்டு வா’ என்று சொற்கள் ஒன்றோடொன்று சேரும் விதமும் பிடிபடுகிறது.

கற்பவருக்கு முழுதும் தெரியாவிட்டாலும் சூழலைக் கொண்டு புரிந்துகொள்ளக்கூடிய பேச்சையோ எழுத்தையோ மொழியியலார் ‘புரியும் உள்ளீடு’ என்பார்கள். அமெரிக்க அறிஞர் ஸ்டீவன் கிராஷென் 1980-களில் இந்தக் கருத்தைப் பரவலாக்கினார். மொழி இந்த ஒரு வழியில்தான் மனத்தில் படிகிறது என்று அவர் சொன்னதை எல்லா ஆய்வாளர்களும் ஏற்கவில்லை. பேசிப் பழகுவதும் திருத்தப்படுவதும் வேண்டும் என்பவர்கள் பலர். ஆனால் சிறிதும் புரியாத பேச்சை ஆண்டுக்கணக்கில் கேட்டுக்கொண்டிருந்தாலும் மொழி வராது என்பதை இரு தரப்பும் ஒப்புக்கொள்கின்றன.

அந்த இளைஞரிடம் இன்னொன்றையும் கவனிக்கலாம். ஆறு மாதம் கழித்து, கம்பெனி முதலாளி வந்து நிற்கும்போது அவரிடமும் ‘நீ உக்காரு’ என்பார். மரியாதை அறியாதவர் என்பதால் அப்படிச் சொல்லவில்லை. அவர் காதில் விழுந்த தமிழ் முழுவதும் உடன் வேலை செய்கிறவர்கள் ஒருமையில் ஏவியதும் பேசியதுமாக இருந்தது. கேட்டதைத்தானே பேச முடியும்? நம் ஊரில் இதைப் பெரும்பாலும் நல்ல மனத்தோடு எடுத்துக்கொள்கிறார்கள்.

இந்தப் பனியன் கம்பெனியைக் காகிதத்தில் கொண்டுவந்தால் மங்கா. செயலையும் சொல்லையும் சேர்த்துக் காட்டுவது அதன் பலம். ஒரே வகையான பேச்சை மட்டும் காட்டுவது அதன் குறை.

எழுத்து என்ற முதல் வேலி

பனியன் கம்பெனியில் சொல் காதில் விழுகிறது. மங்காவில் அதைப் படித்தாக வேண்டும். ஜப்பானியத்தில் மூன்று எழுத்து முறைகள் ஒரே வரியில் கலந்து வரும். ஹிரகனாவும் கதகனாவும் ஒலியெழுத்துகள். ஒவ்வொன்றிலும் அடிப்படை எழுத்துகள் 46. இலக்கண உருபுகளையும் பல சொந்தச் சொற்களையும் ஹிரகனாவில் எழுதுவார்கள். அயல்நாட்டுச் சொற்களையும் ஓசைச் சொற்களையும் பெரும்பாலும் கதகனாவில் எழுதுவார்கள்.

இங்கே தமிழ் மாணவர்களுக்கு ஒரு நல்ல செய்தி உண்டு. இந்த எழுத்துகளின் வரிசை அ, இ, உ, எ, ஒ என்று தொடங்கும். அதன்பின் க, ச, த, ந, ஹ, ம, ய, ர, வ என்று போகும். நம் மெய்யெழுத்து வரிசையில் ங, ஞ, ட, ண முதலானவற்றை எடுத்துவிட்டுச் சொல்லிப் பாருங்கள்: க, ச, த, ந, ப, ம, ய, ர, வ. ஹ இருக்கும் இடத்தில் ப இருக்கிறது, அவ்வளவுதான். பண்டை ஜப்பானியத்தில் அந்த ஹ ஒலியும் ப ஆகவே இருந்தது. சமஸ்கிருத எழுத்தையும் ஒலிநூலையும் கற்ற ஜப்பானிய பௌத்தத் துறவிகள் வழியாக இந்த வரிசை அங்கே அமைந்தது. அரிச்சுவடி படித்த ஒருவர் இந்த வரிசையை அரை மணி நேரத்தில் ஒப்பித்துவிடலாம். எழுத்து வடிவங்கள் மனத்தில் பதியச் சில வாரங்கள் ஆகும்.

குறில், நெடில் வேறுபாடும் நமக்குப் புதிதன்று. ‘ஒபசன்’ என்றால் அத்தை அல்லது சித்தி. ‘ஒபாசன்’ என்றால் பாட்டி. ‘கிதெ’ என்றால் வந்து; ‘கித்தெ’ என்றால் தபால்தலை. படு, பாடு, பட்டு என்ற மூன்றையும் பிரித்துக் கேட்டு வளர்ந்த காதுக்கு மாத்திரைக் கணக்கை யாரும் கற்பிக்க வேண்டியதில்லை. மற்ற நாட்டு மாணவர்கள் பலர் தடுக்கி விழும் இடம் இது.

மூன்றாவது எழுத்து கன்ஜி. இவை சீனத்திலிருந்து பெறப்பட்ட எழுத்துகள். ஒலியோடு பொருளையும் சுமப்பவை. ஜப்பானிய அரசு 2010-இல் திருத்தி வெளியிட்ட அன்றாடப் பயன்பாட்டுப் பட்டியலில் 2,136 கன்ஜிகள் உள்ளன; அவற்றில் 1,026 எழுத்துகளைக் குழந்தைகள் தொடக்கப் பள்ளியின் 6 ஆண்டுகளில் கற்கிறார்கள். எண்ணிக்கையைக் காட்டிலும் தொல்லை தருவது, பெரும்பாலான கன்ஜிகளுக்கு ஒன்றுக்கு மேற்பட்ட வாசிப்புகள் இருப்பது. இதைப் பலர் குழப்பமாகவே விளக்குகிறார்கள். ஈரோடு மாவட்டத்துக்குள்ளேயே இதற்கு விடை இருக்கிறது.

சென்னிமலை, சிவகிரி ஆகிய இரண்டு ஊர்ப் பெயர்களை எடுத்துக்கொள்ளுங்கள். ஒன்றில் ‘மலை’ என்ற நம் சொல் இருக்கிறது. மற்றொன்றில் ‘கிரி’ என்ற வடசொல் இருக்கிறது. பொருள் ஒன்றுதான். இப்போது மலைக்கு மூன்று முகடுகள் கொண்ட ஒரு சிறு படத்தை எழுத்தாக வைத்துக்கொண்டோம் என்று எண்ணுங்கள். சென்னிக்குப் பின்னால் அந்தப் படம் வந்தால் ‘மலை’ என்றும், சிவத்துக்குப் பின்னால் வந்தால் ‘கிரி’ என்றும் படிப்போம். ஜப்பானியத்தில் நடப்பது இதுவே. மூன்று முகடுகள் கொண்ட அந்த எழுத்து தனியே நின்றால் ‘யமா’ என்ற சொந்தச் சொல். ஃபுஜி மலையின் பெயரில் வந்தால் ‘சன்’ என்ற சீனவழி ஒலி. ஃபுஜி-சன் என்பதில் உள்ள சன், மனிதர் பெயரோடு வரும் மரியாதைச் சொல் என்று எண்ணிக்கொள்பவர்கள் உண்டு. அது மலைதான்.

சரி, எந்த இடத்தில் எப்படிப் படிப்பது என்று தொடக்கநிலை மாணவருக்கு யார் சொல்வது? அதற்குத்தான் ஃபுரிகனா. கன்ஜியின் வலப்பக்கத்தில் பொடி எழுத்தில் அதன் ஒலியை ஹிரகனாவில் அச்சிட்டுத் தருவதன் பெயர் அது. தமிழில் அச்சான சுலோகப் புத்தகங்களில் க என்ற எழுத்தோடு 2, 3, 4 என்று பொடி எண் போட்டு ஒலிப்பு சொல்வார்களே, ஏறக்குறைய அந்த உதவிதான். சிறுவர், சிறுமியருக்கான பெரிய மங்கா இதழ்களிலும் தொகுப்புகளிலும் பொதுவாக எல்லாக் கன்ஜிகளுக்கும் ஃபுரிகனா இருக்கும். பெரியவர்களுக்கான மங்காக்களில் பெரும்பாலும் இருக்காது. ஃபுரிகனா இருந்தால் தெரியாத சொல்லை ஒலி வழியாக அகராதியில் தேடலாம். இல்லாவிட்டால் அந்தச் சொல்லைத் தட்டச்சு செய்யவே வழி தெரியாமல் நிற்க நேரும். தொடக்கத்தில் மங்காவைத் தேர்ந்தெடுக்கும்போது கதையைக் காட்டிலும் இதையே முதலில் பார்க்கச் சொல்வேன்.

ஆக, 46 எழுத்துகள் கொண்ட இரண்டு வரிசைகள் தெரிந்திருந்து, ஃபுரிகனா உள்ள மங்காவும் கையில் இருந்தால், பொருள் புரியாவிட்டாலும் ஒவ்வொரு சொல்லையும் உரக்கப் படிக்க முடியும். அங்கிருந்துதான் படம் தன் வேலையைத் தொடங்குகிறது.

படம் நிரப்பும் இடைவெளி

தமிழில் வினைச்சொல்லின் கடைசியிலேயே ஆள் தெரிந்துவிடும்: போனேன், போனாய், போனான், போனது. ஜப்பானியத்தில் இவை அனைத்துக்கும் ‘இத்தா’ என்ற ஒரே வடிவம். போதாக்குறைக்கு, நான், நீ, அவன் போன்ற எழுவாய்களை ஜப்பானியர்கள் பேச்சில் பெரும்பாலும் சொல்வதே இல்லை. தமிழிலும் எழுவாயை விட்டுவிடுகிறோம்; நமக்கு விகுதி காப்பாற்றுகிறது. அவர்களுக்குச் சூழல் மட்டுமே காப்பாற்றுகிறது. பாடப்புத்தகத்தின் தனி வாக்கியத்தில் சூழல் கிடையாது. அதனால் அங்கே ஒவ்வொரு வாக்கியத்திலும் ‘நான்’ என்று எழுதி வைக்கிறார்கள். அப்படிப் படித்தவர் ஜப்பானியர் எதிரே நின்று வரிக்கு வரி ‘வதஷி, வதஷி’ என்று தன்னையே சொல்லிக்கொண்டிருப்பார்.

மங்காவில் பேச்சுக் குமிழுக்கு ஒரு வால் இருக்கும். அந்த வால் யாரை நோக்கி இருக்கிறதோ அவரே பேசுகிறவர். பேசுகிறவரின் கண் யாரைப் பார்க்கிறது, கை எதைக் காட்டுகிறது என்பவை மீதியைச் சொல்லிவிடும். நாம் விகுதியில் வைத்திருப்பதை அவர்கள் படத்தில் வைத்திருக்கிறார்கள் என்றே சொல்லலாம்.

ஒரு கட்டத்தை மட்டும் நிதானமாகப் பார்ப்போம். வகுப்பில் பயிற்சிக்காக நானே கரும்பலகையில் வரையும் கட்டம் இது. ஒரு வீட்டு வாசல். காலணி மாட்டுவதற்காகக் குனிந்திருக்கிறான் ஒரு சிறுவன். வெளியே சாய்ந்த கோடுகளாக மழை. கட்டத்தின் மேல்பகுதி முழுவதும் கதகனாவில் பெரிதாக ‘ஸாஸா’ என்று எழுதியிருக்கிறது. ஜப்பானியப் பக்கத்தை வலமிருந்து இடமாகப் பார்க்க வேண்டும். ஆகவே வலப்பக்கக் குமிழ் முதலில். சிறுவன் சொல்கிறான்: ‘அமெ தா.’ பின்னால் குடையோடு நிற்கும் அவனுடைய தாத்தா சொல்கிறார்: ‘கசா, மொத்தெ இகெ.’

அமெ என்பதன் பொருளை யாரும் சொல்ல வேண்டியதில்லை, கோடுகள் சொல்லிவிட்டன. கசா என்ன என்பது தாத்தாவின் கையில் இருக்கிறது. மொத்தெ என்றால் எடுத்து, இகெ என்றால் போ. ‘குடை, எடுத்துட்டுப் போ.’ இலக்கணப்படி ‘குடையை’ என்று இரண்டாம் வேற்றுமை உருபு வர வேண்டும் அல்லவா? ஜப்பானியத்திலும் கசாவுக்குப் பின் ‘ஒ’ என்ற உருபு வர வேண்டும். நம் வீட்டு வாசலில் நாம் எப்படி ஐ-யை விழுங்குகிறோமோ அப்படியே அந்தத் தாத்தாவும் ஒ-வை விழுங்கிவிட்டார்.

சொல்வளத்தை ஆராய்ந்த பால் நேஷன் போன்றோர், துணையில்லாமல் ஒரு கதையைப் படித்துப் புரிந்துகொள்ள அதில் உள்ள 100 சொற்களில் ஏறத்தாழ 98 சொற்கள் தெரிந்திருக்க வேண்டும் என்கிறார்கள். தொடக்க மாணவருக்கு அது எட்டாத உயரம். படம் சில சொற்களின் சுமையைத் தானே தூக்கிக்கொள்வதால் மங்காவில் அந்த உயரம் குறைகிறது. குறைகிறதே தவிர மறைந்துவிடுவதில்லை. சில நூறு சொற்களும் அடிப்படை இலக்கணமும் இல்லாமல் மங்காவைத் திறப்பவர் படத்தை மட்டும் பார்த்துவிட்டுப் பக்கத்தைப் புரட்டிவிடுவார். கதை புரியும், மொழி படியாது. ‘மங்கா மட்டும் போதும்’ என்பவர்கள் மறந்துவிடுவது இதைத்தான்.

தமிழுக்கு எவ்வளவு பக்கம்

மொத்தெ இகெ என்பதில் ‘தெ’ என்று முடியும் பகுதி நம் வினையெச்சம். இதன் பொருத்தம் வியப்பூட்டும். ‘தபெதெ’ என்றால் சாப்பிட்டு. அதோடு பார்த்தல் என்ற பொருள் தரும் ‘மிரு’ சேர்ந்தால் ‘தபெதெ மிரு’. நாம் ‘சாப்பிட்டுப் பார்’ என்பதில் பார் எப்படிக் கண்ணால் பார்ப்பதைக் குறிக்கவில்லையோ, அங்கும் அப்படியே. வைத்தல் என்ற பொருள் தரும் ‘ஒகு’ சேர்ந்தால், வாங்கி வை, எழுதி வை என்பது போல முன்னேற்பாட்டைக் குறிக்கும். ‘தபெதெ ஷிமத்தா’ என்றால் சாப்பிட்டுவிட்டான். அது பேச்சில் சுருங்கி ‘தபெச்சத்தா’ ஆகிவிடும். நம் பேச்சில் ‘சாப்பிட்டுட்டான்’ ஆவது போல. பாடப்புத்தகங்கள் முழு வடிவத்தைக் கற்பிக்கும். மங்காக் குமிழ்களில் சுருங்கிய வடிவமே நிறைந்திருக்கும். புதிதாகப் படிப்பவர் அகராதியில் தபெச்சத்தாவைத் தேடிச் சலித்துப்போவது இதனால்தான்.

‘நேற்று வாங்கிய புத்தகம்’ என்பதை அதே சொல்வரிசையில் ‘கினோ கத்தா ஹொன்’ என்பார்கள். ‘போகிறேன் என்று சொன்னான்’ என்பதில் உள்ள ‘என்று’ இருக்கும் அதே இடத்தில் அவர்களுக்கு ‘தொ’ இருக்கிறது. இது, அது என்ற இரண்டுக்கு நடுவில் சங்கத் தமிழிலும் இன்றைய யாழ்ப்பாணத் தமிழிலும் உள்ள ‘உது’ நினைவிருக்கிறதா? ஜப்பானியத்தில் கொரெ, சொரெ, அரெ என்று மூன்றும் இன்றும் உயிரோடு இருக்கின்றன. எது என்பதற்கு தொரெ.

இந்த ஒற்றுமைகளைக் கண்டு, ஜப்பானியம் தமிழிலிருந்து பிறந்தது என்று நம் பக்கம் மேடைகளில் சொல்வது வழக்கமாகிவிட்டது. ஜப்பானிய மொழியறிஞர் சுசுமு ஓனோ அத்தகைய உறவை முன்வைத்து நீண்ட காலம் ஆராய்ந்தார் என்பது உண்மை. பெரும்பாலான மொழியியலார் அதை ஏற்கவில்லை என்பதும் உண்மை. கொரியம், துருக்கியம் போன்ற மொழிகளிலும் இதே சொல்வரிசையும் உருபொட்டும் முறையும் இருக்கின்றன. மொழியைக் கற்கிறவருக்கு அந்த வழக்கு தேவையில்லை. இரத்த உறவு இல்லாத இரண்டு வீடுகளின் அமைப்பு ஒன்றுபோல் இருந்தால், ஒரு வீட்டில் வளர்ந்தவர் மற்றொன்றில் சமையலறையைத் தேடி அலைய மாட்டார். நமக்கு வேண்டியது அந்த வசதி மட்டுமே.

ஓசைச் சொற்களிலும் இந்த வசதி உண்டு. நெஞ்சு படபட என்று அடித்தால் ‘தொகிதொகி’. பளபளவென்று மின்னினால் ‘பிகபிக’. இரட்டைக்கிளவி இல்லாத மொழிக்காரர்கள் இவற்றைக் குழந்தைப் பேச்சு என்று எண்ணுவதுண்டு. நாம் அப்படி எண்ண மாட்டோம். ஓசையே இல்லாத அமைதிக்கும் மங்காவில் ‘ஷீன்’ என்று ஓர் ஓசைச்சொல் எழுதுவார்கள். எனக்கு மிகவும் பிடித்த சொல் அது.

மழைக்கு மரியாதை தருவதில்லை

கட்டுரையின் மையத்துக்கு வந்துவிட்டோம்.

‘மழை பேயுது.’ ‘மழை பேயுதுங்க.’ இந்த இரண்டுக்கும் என்ன வேறுபாடு? வெளியூர்க்காரர் ஒருவர் இரண்டாவதைக் கேட்டுவிட்டு, மழைக்குக்கூடக் கொங்கில் மரியாதை தருகிறார்கள் போலும் என்று என்னிடம் சொன்னார். அந்த ‘ங்க’ மழைக்கானது அன்று. எதிரே நின்று கேட்கிறவருக்கானது. ‘அவங்க வந்தாங்க’ என்பதில் உள்ள மரியாதை, வந்தவருக்குரியது. ‘பஸ் வந்துருச்சுங்க’ என்பதில் உள்ள மரியாதை, அந்தச் செய்தியைக் கேட்பவருக்குரியது. தமிழ்நாடு முழுவதும் இந்த ‘ங்க’ உண்டு என்றாலும், ஆமாங்க, இல்லீங்க, ஏனுங்க என்று வரிக்கு வரி அதை வைத்துப் பேசுகிறவர்கள் நாம்.

ஜப்பானியத்தில் கேட்பவருக்குத் தரும் இந்த மரியாதைக்குத் ‘தெய்நெய்கோ’ என்று பெயர். பணிவுமொழி என்று வைத்துக்கொள்ளலாம். பெயர்ச்சொல்லில் முடியும் வாக்கியத்தில் ‘தா’ இருக்கும் இடத்தில் ‘தெஸ்’ வரும். வினைச்சொல்லோடு ‘மஸ்’ சேரும். ‘அமெ தா’ என்றால் மழை. ‘அமெ தெஸ்’ என்றால் மழைங்க. ‘தபெரு’ என்றால் சாப்பிடுவேன். ‘தபெமஸ்’ என்றால் சாப்பிடுவேனுங்க. ‘இத்தா’ என்றால் போனேன். ‘இகிமஷ்தா’ என்றால் போனேனுங்க. பாடப்புத்தகங்கள் பல பக்கங்களில் விளக்கும் இந்தச் செய்தியைக் கோபியிலிருந்தோ தாராபுரத்திலிருந்தோ வரும் மாணவர் இந்த ஒரு மழை எடுத்துக்காட்டிலேயே பிடித்துக்கொள்கிறார். பேசப்படும் ஆளை உயர்த்தும் மரியாதை வடிவங்கள் ஜப்பானியத்தில் தனியே இருக்கின்றன. தொடக்கத்தில் அவை வேண்டாம்.

மங்காவில் யார் யாரோடு பேசுகிறார்கள்? பெரும்பாலும் நண்பர்கள், உடன்பிறந்தவர்கள், தாத்தாவும் பேரனும், எதிரிகள். அத்தனை பேரும் ‘ங்க’ இல்லாத எளிய வடிவத்தில் பேசுகிறார்கள். அது தவறான ஜப்பானியமன்று. அகராதியில் உள்ள வடிவம் அதுவே; நாட்குறிப்பில் எழுதுவதும், நாளேடுகளின் செய்திக் கட்டுரைகள் பெரும்பாலும் எழுதப்படுவதும் அதில்தான். ஆகவே மங்கா மொழியைக் கெடுக்கும் என்று பெரியவர்கள் சொல்வதை நான் ஏற்பதில்லை. வீட்டுக்குள் பேசுவதைக் கற்றவர் அதையே அலுவலகத்துக்கும் எடுத்துச் செல்வதுதான் சிக்கல்.

என் மாணவர் ஒருவருக்கு நேர்ந்ததைச் சொல்கிறேன். மங்கா படித்தே மற்றவர்களைவிட வேகமாக முன்னேறியவர். அவர் வேலை செய்த இடத்துக்கு ஜப்பானியப் பொறியாளர் ஒருவர் வந்து, எந்திரத்தின் ஒரு பகுதியைக் கழற்றி மாட்டும் முறையைப் பொறுமையாக விளக்கியிருக்கிறார். முடித்ததும் இவர் உற்சாகமாக ‘வகத்தா’ என்றிருக்கிறார். பொறியாளர் அரைக் கணம் நிறுத்தி, தலையசைத்துவிட்டு, அதன்பின் எல்லாவற்றையும் மொழிபெயர்ப்பாளர் வழியாகவே சொன்னாராம். யாரும் கடிந்துகொள்ளவில்லை. எங்கே தவறினோம் என்று தெரியாமல் மாலையில் வகுப்புக்கு வந்து கேட்டார். நான் கரும்பலகையில் இரண்டு வரி எழுதினேன்: ‘வகத்தா: புரிஞ்சுது. வகரிமஷ்தா: புரிஞ்சுதுங்க.’ தன் தந்தையின் வயதுள்ள ஒருவர் கையில் கிரீசோடு நின்று சொல்லிக்கொடுத்ததும் அவரிடம் ‘ம், புரிஞ்சுது’ என்று சொல்லிவிட்டதை அவர் அப்போதுதான் உணர்ந்தார். முகம் வாடிவிட்டது. அன்றிலிருந்து இந்த ஒரு செய்தியை முதல் வாரத்திலேயே சொல்லிவிடுகிறேன்.

ஜப்பானிய மொழித் தகுதித் தேர்வில் இந்தக் குறை வெளிப்படாது என்பதையும் அறிந்திருக்க வேண்டும். N5 முதல் N1 வரை ஐந்து நிலைகள் கொண்ட அத்தேர்வு, எழுத்து, சொல், இலக்கணம், வாசிப்பு, கேட்டல் ஆகியவற்றைச் சோதிக்கிறது. பேச்சுத் தேர்வு அதில் இல்லை. நல்ல மதிப்பெண் வாங்கியவரும் ‘வகத்தா’ என்று சொல்லி நிற்கக்கூடும்.

பாத்திரங்கள் பேசும் மொழி

மங்காவில் இன்னொரு வகைப் பேச்சும் உண்டு. அறிவியல் மேதையான முதியவர் தன்னை ‘வஷி’ என்று சொல்லிக்கொண்டு வாக்கியத்தை ‘ஜா’ என்று முடிப்பார். வாள்வீரர் ‘கொசரு’ என்று முடிப்பார். ஜப்பானில் இன்று வாழும் பேராசிரியர்கள் இப்படிப் பேசுவதில்லை. ஒரு பாத்திரம் எத்தகையவர் என்பதை வாசகருக்கு உடனே உணர்த்த எழுத்தாளர்கள் பயன்படுத்தும் இந்தப் பேச்சு நடைக்கு, மொழியியலார் சதோஷி கின்சுய் ‘யகுவரிகோ’ என்று பெயரிட்டு, 2003-இல் அதைப் பற்றி ஒரு நூலே எழுதினார். பாத்திர மொழி என்று நாம் சொல்லலாம். திரைப்படத்தில் கொங்குக்காரர் என்று காட்ட வேண்டுமானால் மூச்சுக்கு மூச்சு ‘ஏனுங்க’ என்று பேச வைப்பதைப் பார்த்திருக்கிறோம். அதைக் கேட்டுத் தமிழ் கற்ற ஒருவர் பெருந்துறைச் சந்தையில் வந்து நின்று பேசினால் எப்படி இருக்குமோ, மங்கா வீரனைப் போல் பேசும் மாணவரின் ஜப்பானியம் அங்கே அப்படி ஒலிக்கும்.

‘நான்’ என்பதற்கே வதஷி, போகு, ஓரெ என்று பல சொற்கள். மங்கா நாயகர்கள் பலர் தம்மை ‘ஓரெ’ என்பார்கள். நெருங்கிய நண்பர்களுக்கிடையே ஆண்கள் சொல்லும் சொல் அது. ‘நீ’ என்பதற்குக் குமிழ்களில் அடிக்கடி வரும் ஒமயெ, கிசமா இரண்டையும் படித்துப் புரிந்துகொள்ளுங்கள், வாயால் சொல்லாதீர்கள். கிசமா ஒரு காலத்தில் மரியாதைச் சொல்லாக இருந்து இன்று வசையாகிவிட்டது. எதிரே இருப்பவரை அவருடைய பெயரோடு சன் சேர்த்து அழைப்பதே அங்கே வழக்கம்.

இதுவரை பார்த்ததைச் சேர்த்துச் சொன்னால்: படம் பொருளைத் தருகிறது, ஃபுரிகனா ஒலியைத் தருகிறது, கதை அதே சொற்களைத் திரும்பத் திரும்பக் கொண்டுவருகிறது, கேட்பவருக்குத் தரும் மரியாதையை மட்டும் நாம் வெளியிலிருந்து கொண்டுவர வேண்டியிருக்கிறது.

‘ங்க’ போட்டு எழுதுதல்

முதலில் இரண்டு ஒலியெழுத்து வரிசைகளையும், தொடக்கநிலைப் பாடப்புத்தகம் ஒன்றின் முதல் பாதியையும் முடித்துவிடுங்கள். அதன்பின் வீடு, பள்ளி, கடைத்தெரு என்று அன்றாட வாழ்க்கையைச் சொல்லும், ஃபுரிகனா உள்ள மங்கா ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். வாள்சண்டையும் விண்வெளியும் பிறகு வரலாம். ஜப்பானிய மின்னூல் கடைகள் பலவற்றில் முதல் சில பக்கங்களை இலவசமாகப் பார்க்க விடுவார்கள். ‘தமெஷியொமி’ என்ற பொத்தானைத் தேடுங்கள், படித்துப் பார்த்தல் என்று பொருள். பொடி எழுத்து இருக்கிறதா என்று அங்கேயே தெரிந்துவிடும்.

ஒரு நாளைக்கு ஒரு பக்கம் போதும். முதல் முறை படத்தை மட்டும் பார்த்து என்ன நடக்கிறது என்று ஊகியுங்கள். இரண்டாம் முறை குமிழ்களை உரக்கப் படியுங்கள். அதன்பிறகே அகராதி. காகிதத்துக்குக் குரல் இல்லை என்பதால் காதுக்குத் தனிப் பயிற்சி வேண்டும். டோக்கியோ வழக்கில் அமெ என்பதை மேலிருந்து கீழிறக்கிச் சொன்னால் மழை, கீழிருந்து மேலேற்றிச் சொன்னால் மிட்டாய். இதை எந்த மங்காவும் காட்டாது.

நான்காவதாக, நான் வற்புறுத்தும் பயிற்சி ஒன்று. ஒரு குறிப்பேட்டில் பக்கத்தை இரண்டாகப் பிரித்து, இடப்பக்கம் குமிழில் உள்ளதை அப்படியே எழுதுங்கள். வலப்பக்கம் அதே செய்தியை, உங்கள் மேலதிகாரியிடம் சொல்வதாக எண்ணி, ‘ங்க’ போட்டு எழுதுங்கள். ‘அமெ தா’ என்பதற்கு எதிரே ‘அமெ தெஸ்’. ‘கசா, மொத்தெ இகெ’ என்பதற்கு எதிரே, விழுங்கிய உருபையும் மீட்டு, ‘கசா ஒ மொத்தெ இத்தெ குதசாய்’. குடையை எடுத்துட்டுப் போங்க. ‘ஓரெ’ வந்தால் ‘வதஷி’. தபெச்சத்தா வந்தால் ‘தபெதெ ஷிமைமஷ்தா’. முதலில் ஒரு பக்கத்துக்கு ஒரு மணி நேரம்கூட ஆகும். போகப் போக வலப்பக்கம் கையால் எழுதாமலே மனத்தில் ஓடத் தொடங்கும்.

இந்தப் பயிற்சியைச் சில மாதம் செய்த மாணவி ஒருவர் ஒரு நாள் ஒரு கட்டத்தைக் கொண்டுவந்து காட்டினார். பள்ளித் தோழிகள் இருவர். முந்தைய அத்தியாயத்தில் சண்டை போட்டவர்கள். ஒருத்தி ஏதோ கேட்க, மற்றவள் முகத்தைத் திருப்பிக்கொண்டு ‘வகரிமஷ்தா’ என்கிறாள். அந்தத் தொகுப்பு முழுவதும் அவர்கள் ஒருவரிடம் ஒருவர் மஸ் போட்டுப் பேசியதே இல்லை. இவர் வழக்கம்போல் இடப்பக்கம் எழுதிவிட்டு, வலப்பக்கம் மாற்ற ஒன்றுமில்லை என்று கண்டதும் நின்றிருக்கிறார். குமிழுக்குக் கீழே பென்சிலால் தமிழில் எழுதியிருந்தார்: ‘சரிங்க.’ நேற்றுவரை ‘வாடி, போடி’ என்றவள் இன்று ‘சரிங்க’ என்று சொன்னால் என்ன அர்த்தம் என்று நான் அவருக்கு விளக்க வேண்டியிருக்கவில்லை.